வெட்டியது தெரியாமல் வெட்டுபவர்

படம் தொடங்கிவிட்டது. ஆனால் திரை கறுப்பாகவே இருக்கிறது. பெயர்கள் மட்டும் வந்து போகின்றன. பின்னால் இரண்டு குரல்கள். ஒரு பெண் வரிசையாகக் கேள்வி கேட்கிறார்: துணையில்லாமல் ஐம்பது மீட்டர் நடக்க முடியுமா, கையைத் தூக்கித் தொப்பி போட்டுக்கொள்ள முடியுமா? மறுமுனையில் ஒரு வயதான ஆண் குரல். கை கால் எல்லாம் நன்றாகத்தான் இருக்கிறது, கோளாறு இதயத்தில், அதைப் பற்றிக் கேளுங்கள் என்று அவர் திரும்பத் திரும்பச் சொல்கிறார். அந்தப் பெண் காதில் வாங்கிக்கொள்ளாமல் படிவத்தில் இருக்கும் அடுத்த கேள்விக்குப் போகிறார்.

2016இல் கான் திரைப்பட விழாவில் தங்கப் பனை விருது வாங்கிய ‘ஐ, டேனியல் பிளேக்’ இப்படித்தான் ஆரம்பிக்கிறது. மாரடைப்பு வந்த 59 வயதுத் தச்சர் ஒருவர் அரசு உதவித்தொகைக்காக அலையும் கதை. அவர் முகத்தைப் பார்ப்பதற்கு முன்பே அவர் எதில் மாட்டிக்கொண்டிருக்கிறார் என்பது நமக்குப் புரிந்துவிடுகிறது. அந்த உரையாடலை எழுதியவர் பால் லாவர்ட்டி. இயக்கியவர் கென் லோச். அந்தக் குரல்களைக் கறுப்புத் திரையின் மேல் ஓடவிட்டு, முகத்தைக் காட்டும் நொடிவரை பொறுத்திருந்த வேலை நடந்த இடம் எடிட்டிங் அறை. அங்கே லோச்சின் பக்கத்தில் இருந்தவர் ஜொனாதன் மாரிஸ்.

சினிமா விரும்பிகளுக்கு லோச்சைத் தெரியும். மாரிஸைத் தெரிந்தவர்கள் குறைவு. லோச்சின் கதைப்படங்களில் 1986இல் வந்த ‘ஃபாதர்லேண்ட்’ தொடங்கி, 2023இல் வந்த ‘தி ஓல்ட் ஓக்’ வரை படத்தொகுப்பாளர் என்ற இடத்தில் மாரிஸின் பெயர்தான் நிற்கிறது. கிட்டத்தட்ட நாற்பது ஆண்டுகள் ஒரே இயக்குநரோடு ஒரே அறையில். பிரிட்டனின் சுயாதீன சினிமாவில் ஓர் எடிட்டரின் தொழில்வாழ்க்கை எப்படி இருக்கும் என்று தெரிந்துகொள்ள இதைவிடத் தெளிவான உதாரணம் கிடைப்பது கடினம்.

முதலில் ஒரு விஷயத்தைத் தெளிவுபடுத்திக்கொள்ளலாம். லண்டனைச் சுற்றியுள்ள பைன்வுட், லீவ்ஸ்டன் போன்ற ஸ்டூடியோக்களில் ஜேம்ஸ் பாண்ட், ஹாரி பாட்டர் வகைப் பெரும்படங்கள் தயாராகின்றன. அவற்றில் பெரும்பாலானவற்றுக்குப் பணம் அமெரிக்க நிறுவனங்களுடையது. சுயாதீனப் படங்களின் பணம் வேறு வழிகளில் வருகிறது. சேனல் 4 தொலைக்காட்சியின் படப்பிரிவு கொஞ்சம் கொடுக்கும். பிபிசியின் படப்பிரிவு கொஞ்சம் கொடுக்கும். பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட் லாட்டரி நிதியிலிருந்து ஒரு பங்கு தரும். பிரான்ஸ், பெல்ஜியம் போன்ற நாடுகளிலிருந்து கூட்டுத் தயாரிப்பாளர்கள் சேருவார்கள். இப்படித் துண்டு துண்டாகச் சேர்ந்த பணத்தில்தான் படம் எடுத்தாக வேண்டும். பெரிய நட்சத்திரம், பெரிய செட், மறுபடப்பிடிப்பு எதற்கும் வசதி இருக்காது. எடுத்து வந்ததை வைத்துக்கொண்டு படத்தைக் காப்பாற்ற வேண்டிய பொறுப்பு எடிட்டரின் தலையில் விழுகிறது.

மாரிஸ் லோச்சோடு சேர்ந்தது லோச்சுக்கு மிகவும் கடினமான காலத்தில். 1966இல் தொலைக்காட்சிக்காக ‘கேத்தி கம் ஹோம்’, 1969இல் திரைக்காக ‘கெஸ்’ என்று எடுத்து நாட்டையே பேசவைத்த இயக்குநருக்கு 1980களில் படவாய்ப்பு சுருங்கிப்போயிருந்தது. மார்கரெட் தாட்சர் ஆட்சியில் தொழிற்சங்கங்களைப் பற்றி அவர் எடுத்த ஆவணப்படங்கள் ஒளிபரப்புக்கே திண்டாடின. சேனல் 4க்காக எடுத்த ‘கொஸ்டின்ஸ் ஆஃப் லீடர்ஷிப்’ தொடர் ஒளிபரப்பாகாமலே போனது. நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தின்போது எழுந்த பாடல்களையும் கவிதைகளையும் பற்றிய ‘விச் சைட் ஆர் யூ ஆன்?’ படத்தை அதை எடுக்கச் சொன்ன நிறுவனமே ஏற்க மறுத்தது. பிறகு அது சேனல் 4இல் வந்தது. அந்த ஆவணப்பட நாட்களில்தான் இருவரின் கூட்டு தொடங்கியது.

ஓர் எடிட்டருக்கு ஆவணப்படத்தைவிட நல்ல பள்ளிக்கூடம் கிடையாது. கதைப்படத்தில் திரைக்கதை இருக்கும். எந்தக் காட்சிக்குப் பின் எந்தக் காட்சி என்பது தாளில் இருக்கும். ஆவணப்படத்தில் கையில் இருப்பதெல்லாம் மனிதர்கள் பேசியதும் நடந்ததும்தான். அதிலிருந்து தொடக்கத்தையும் முடிவையும் கண்டெடுக்க வேண்டும். யார் உண்மையாகப் பேசுகிறார், யார் கேமராவுக்காகப் பேசுகிறார் என்று பிரித்தறியும் காது வேண்டும். கதைப்படத்தில் நடிகர்களை வைத்து லோச் தேடியதும் இதே உண்மையைத்தான் என்பதால், மாரிஸின் அந்தக் காது அங்கேயும் வேலைக்கு வந்தது.

லோச் படமெடுக்கும் முறை எடிட்டருக்குச் சில சங்கடங்களையும் சில கொடைகளையும் சேர்த்தே தருகிறது. கதை எந்த வரிசையில் நடக்கிறதோ அதே வரிசையில் அவர் படம்பிடிக்கிறார். மற்றவர்கள் ஒரே வீட்டில் நடக்கும் காட்சிகளையெல்லாம் ஒரே நாளில் எடுத்து முடித்துச் செலவைக் குறைப்பார்கள். அவரோ வரிசை மாறக்கூடாது என்பார். நடிகர்களிடம் முழுத் திரைக்கதையைக் கொடுப்பதில்லை. அன்றன்றைக்கு வேண்டிய பக்கங்கள்தான் கைக்கு வரும். அடுத்து என்ன நடக்கும் என்று தெரியாத மனிதரின் முகம் கேமராவில் பதிகிறது. 2002இல் வந்த ‘ஸ்வீட் சிக்ஸ்டீன்’ படத்தின் நாயகன் மார்ட்டின் காம்ப்ஸ்டன் அதுவரை நடித்தே இராத இளம் கால்பந்தாட்டக்காரர். ‘ஐ, டேனியல் பிளேக்’ நாயகன் டேவ் ஜான்ஸ் மேடையில் நகைச்சுவை செய்பவர். இவர்களிடமிருந்து வருவது பயிற்சி பெற்ற நடிப்பு கிடையாது. அந்தக் கணத்தில் பிறக்கும் பதில்.

இதில் எடிட்டரின் சங்கடம் எங்கே வருகிறது? அதிர்ச்சி என்பது ஒரே முறைதான். முதல் டேக்கில் திடுக்கிட்ட முகம் இரண்டாவது டேக்கில் திடுக்கிடுவதுபோல் நடிக்கும். ஆக முதல் டேக்கில் கேமரா சற்றே ஆடியிருந்தாலும், யாரோ ஒருவர் குறுக்கே வந்திருந்தாலும், அதைத்தான் எடுத்தாக வேண்டும். ஒவ்வொரு டேக்கிலும் நடிகர்கள் சொற்களை மாற்றிப் பேசியிருப்பார்கள். கை இருந்த இடம் மாறியிருக்கும். ஒரு ஷாட்டில் குடித்து முடித்த பியர் அடுத்ததில் நிரம்பியிருக்கும். இதையெல்லாம் கண்ணில் உறுத்தாமல் இணைக்க வேண்டும். பார்ப்பவர் கவனம் எந்த முகத்தில் இருக்கும் என்று முன்கூட்டியே தெரிந்த எடிட்டரால்தான் அது முடியும். கவனம் முகத்தில் நிற்கும்போது கோப்பையை யாரும் பார்ப்பதில்லை.

இதற்கு மிகச் சிறந்த சான்று 1995இல் வந்த ‘லேண்ட் அண்ட் ஃப்ரீடம்’. ஸ்பானிய உள்நாட்டுப் போரில் பாசிஸ்டுகளுக்கு எதிராகப் போரிடப் போன லிவர்பூல் இளைஞன் ஒருவனின் கதை. ஒரு கிராமத்தை மீட்டபின், நிலத்தை எல்லோருக்கும் பொதுவாக்குவதா, அவரவர் துண்டை அவரவர் வைத்துக்கொள்வதா என்று ஊர் கூடி விவாதிக்கிறது. அரகான் பகுதியைச் சேர்ந்த உள்ளூர் மக்களும் நடிகர்களும் கலந்து உட்கார்ந்திருக்கிறார்கள். பல மொழிகள் கலந்து வருகின்றன. வாதம் பத்து நிமிடத்துக்கு மேல் நீள்கிறது. துப்பாக்கிச் சத்தம் இல்லை, இசை இல்லை, ஓடும் கேமரா இல்லை. இருந்தும் யாரும் இருக்கையை விட்டு நகர்வதில்லை.

அந்தக் காட்சியை மறுபடி பார்க்கும்போது கவனித்தால் ஒன்று புலப்படும். பேசுபவரின் முகத்தைவிட்டு வெளியேறும் ஒவ்வொரு வெட்டும் யாராவது ஒருவர் கேட்டுக்கொண்டிருக்கும் முகத்துக்குப் போகிறது. ஒருவர் தலையை அசைக்கிறார், இன்னொருவர் வாயைத் திறக்கத் துடிக்கிறார். அடுத்து யார் எழுந்து பேசுவார் என்று நாமும் காத்திருக்கத் தொடங்குகிறோம். அரசியல் வாதம் ஒன்று அடுத்தடுத்த முகங்களின் கதையாகிவிடுகிறது. இதைச் செய்வதற்கு எடிட்டர் அந்த விவாதத்தைத் தானும் நம்ப வேண்டும். எந்தப் பக்கத்து வாதத்தையும் பலவீனமாக வெட்டிவிடக் கூடாது.

இத்தனையும் இருவரும் செய்துவந்தது பழைய முறையில். உலகமெங்கும் எடிட்டர்கள் கணினிக்கு மாறி ஆண்டுகள் பல ஆனபின்னும், லோச்சும் மாரிஸும் உண்மையான படச்சுருளையே வெட்டி ஒட்டிக்கொண்டிருந்தார்கள். 2014இல் வந்த ‘ஜிம்மிஸ் ஹால்’ அப்படித்தான் தொகுக்கப்பட்டது.

அந்த வேலை எப்படி நடக்கும் என்பதை இன்றைய இளைஞர்கள் பலர் பார்த்திருக்க வாய்ப்பில்லை. 35 மில்லிமீட்டர் படச்சுருளில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம்கள். நொடிக்கு 24 ஃபிரேம் ஓடினால், ஒரு நிமிடப் படத்துக்கு 90 அடி சுருள் வேண்டும். ஆயிரம் அடிச் சுருள் பதினோரு நிமிடத்தில் தீர்ந்துவிடும். படம் ஒரு சுருளில், ஒலி வேறொரு காந்தச் சுருளில். கிளாப் பலகை மூடும் ஃபிரேமையும் அந்தச் சத்தத்தையும் பொருத்தி உதவி எடிட்டர் இரண்டையும் இணை சேர்ப்பார். பிறகு எண் அச்சிடும் இயந்திரத்தில் இரண்டு சுருள்களின் ஓரத்திலும் ஒரே எண்களைப் பதிப்பார். பின்னால் எத்தனை துண்டாக வெட்டினாலும், இந்த எண்ணை வைத்துத்தான் எந்தப் படத்துக்கு எந்த ஒலி என்று கண்டுபிடிக்க முடியும்.

எடிட்டருக்கு முன்னால் ஸ்டீன்பெக் என்ற ஜெர்மானிய மேசை. தட்டுகளில் சுருள் படுத்திருக்கும், நடுவில் ஒரு சிறு திரை. முன்னும் பின்னும் ஓட்டிப் பார்த்து, வெட்ட வேண்டிய இடத்தில் மெழுகுப் பென்சிலால் கோடு போடுவார். ஸ்பிளைசர் என்ற சிறு கருவியில் வைத்து வெட்டி, ஒளிபுகும் டேப்பால் ஒட்டுவார். மிஞ்சிய துண்டுகளை ஒரு தொட்டிக்கு மேலே கொக்கிகளில் தொங்கவிடுவார். மூன்று ஃபிரேம் துண்டு தொலைந்தாலும் அதைத் தேடி எடுத்தாக வேண்டும். நாள் முடிவில் அத்தனை துண்டுகளையும் எண் பார்த்து டப்பாக்களில் அடுக்கிவைப்பது உதவி எடிட்டரின் வேலை.

மெதுவான வேலைதான். லோச்சுக்கு அந்த மெதுவே பிடித்திருந்தது. ஒரு காட்சியை மாற்ற வேண்டுமென்றால் சுருளைப் பின்னால் ஓட்டியாக வேண்டும். ஓட்டும்போது மீண்டும் பார்க்கிறோம், பார்க்கும்போது யோசிக்கிறோம். கணினியில் ஒரே காட்சிக்குப் பத்து வடிவங்களை அரை மணியில் செய்து காட்டலாம். சுருளில் வெட்டுவதற்கு முன்பே, ஏன் வெட்டுகிறோம் என்று இருவரும் பேசி முடித்திருக்க வேண்டும்.

2013இல் ‘ஜிம்மிஸ் ஹால்’ வேலையின்போது ஒரு நெருக்கடி வந்தது. அந்த எண் அச்சிடும் இயந்திரத்துக்கு வேண்டிய டேப் தீரப்போனது. தயாரிப்பவர்கள் இல்லை, கடையிலும் கிடைக்கவில்லை. யாரிடமாவது மிச்சம் இருந்தால் கொடுத்து உதவுங்கள் என்று லோச் சினிமாத் தொழில் பத்திரிகை வழியாகக் கேட்டார். உதவி வந்த இடம் யாரும் நினைத்துப் பார்த்திருக்க முடியாதது: கலிஃபோர்னியாவிலுள்ள பிக்ஸார். கணினி அனிமேஷனுக்கே பெயர்போன நிறுவனத்தின் எடிட்டர்கள், தங்களிடம் கிடந்த பழைய டேப் சுருள்களை அனுப்பிவைத்தார்கள். கூடவே ‘மான்ஸ்டர்ஸ், இங்க்.’ படத்தின் பாத்திரங்களை வைத்து ஒரு படமும் வரைந்து அனுப்பினார்கள். எடிட்டர்கள் என்ற சாதி தனிச் சாதி. கருவி எதுவானாலும் ஒருவர் கஷ்டம் இன்னொருவருக்குத் தெரியும்.

மாரிஸும் லோச்சும் மட்டும் இப்படி இருந்தார்கள் என்பதில்லை. பிரிட்டிஷ் சுயாதீன சினிமாவின் வரலாற்றைப் புரட்டினால் இத்தகைய ஜோடிகள் வந்துகொண்டே இருக்கும்.

மைக் லீயின் படங்களில் ஜான் கிரிகரி. லீ திரைக்கதை இல்லாமல் மாதக்கணக்கில் நடிகர்களோடு ஒத்திகை பார்த்துப் பாத்திரங்களை உருவாக்குபவர். 1996இல் தங்கப் பனை வாங்கிய ‘சீக்ரெட்ஸ் அண்ட் லைஸ்’ படத்தில் ஒரு தேநீர்க்கடைக் காட்சி உண்டு. பிறந்தவுடன் தத்துக் கொடுத்த மகளை, வளர்ந்த பெண்ணாக, ஒரு தாய் சந்திக்கிறாள். தாய் வெள்ளை இனத்தவள், மகள் கறுப்பினத்தவள். இருவரும் ஒரே பக்கத்தில் அருகருகே உட்கார்ந்திருக்கிறார்கள். கேமரா நகரவில்லை. ஏறக்குறைய எட்டு நிமிடங்கள் ஒரு வெட்டுகூட இல்லை. தாய் மறுக்கிறாள், யோசிக்கிறாள், திடீரென்று ஏதோ நினைவுக்கு வந்து உடைந்து அழுகிறாள். அந்த இடத்தில் முகத்துக்கு அருகே போகும் ஒரு வெட்டு வந்திருந்தால், அழுகை அவளுடையதாக மட்டும் ஆகியிருக்கும். பக்கத்தில் என்ன செய்வதென்று தெரியாமல் உட்கார்ந்திருக்கும் மகளை இழந்திருப்போம். 

அதே கிரிகரிதான் 1994இல் ‘ஃபோர் வெட்டிங்ஸ் அண்ட் எ ஃப்யூனரல்’ என்ற நகைச்சுவைப் படத்தைத் தொகுத்தவர். நகைச்சுவைக்கு அரை நொடிக் கணக்கு வேண்டும். ஒரு வசனத்துக்குச் சிரிப்பு வரும் நேரத்தை விட்டு, அது அடங்குவதற்குள் அடுத்ததைக் கொண்டுவர வேண்டும். ‘இன் புரூஜஸ்’, ‘த்ரீ பில்போர்ட்ஸ்’ என்று மார்ட்டின் மெக்டோனாவின் படங்களுக்கும் அவர் வேலை செய்தார். பின்னதற்கு ஆஸ்கர் பரிந்துரையும் வந்தது. 2021இல் அவர் காலமானார்.

ஸ்டீவ் மெக்குவீனுக்கு ஜோ வாக்கர். இவர் இசை படித்தவர். பிபிசியின் ஈலிங் படப்பிரிவில் ஒலித்தொகுப்பு வேலையில் தொடங்கிப் படத்தொகுப்புக்கு வந்தார். 1981இல் வட அயர்லாந்துச் சிறையில் உண்ணாவிரதமிருந்து இறந்த பாபி சாண்ட்ஸைப் பற்றிய ‘ஹங்கர்’ 2008இல் வந்தது. படத்தின் நடுவே சாண்ட்ஸும் ஒரு பாதிரியாரும் மேசைக்கு இருபுறமும் உட்கார்ந்து பேசும் காட்சி. சுமார் 17 நிமிடம் கேமரா அசையாமல், வெட்டு இல்லாமல் ஓடுகிறது. அதற்குப் பின் வரும் முதல் வெட்டு சாண்ட்ஸின் முகத்துக்குப் போகிறது. அவ்வளவு நேரம் காத்திருந்ததால் அந்த ஒரு வெட்டு நெஞ்சில் அடிக்கிறது. அது வரவேண்டிய இடத்தை அறிந்தவர் இசைப் பயிற்சி உள்ளவர் என்பதில் ஆச்சரியமில்லை. சிறிய பட்ஜெட்டில் வந்த அந்தப் படத்திலிருந்து ‘12 இயர்ஸ் எ ஸ்லேவ்’, ‘அரைவல்’ என்று போன வாக்கர், ‘டியூன்’ படத்துக்கு 2022இல் ஆஸ்கர் வாங்கினார்.

லின் ராம்சேவுக்கு லூசியா ஸுக்கெட்டி. இத்தாலியில் பிறந்த ஸுக்கெட்டியும் கிளாஸ்கோவில் பிறந்த ராம்சேவும் பீக்கன்ஸ்ஃபீல்டிலுள்ள தேசியத் திரைப்பட, தொலைக்காட்சிப் பள்ளியில் படித்தவர்கள். ராம்சேவின் குறும்படங்களைத் தொகுத்தவர், 1999இல் அவருடைய முதல் முழுநீளப் படமான ‘ரேட்கேட்சர்’ படத்தையும் தொகுத்தார். துப்புரவுத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தால் குப்பை மலையாகக் குவிந்துகிடக்கும் கிளாஸ்கோவில் ஒரு சிறுவனின் உலகம். பேச்சு குறைவு. ஒரு பிம்பத்திலிருந்து இன்னொரு பிம்பத்துக்குத் தாவும்போது நடுவில் என்ன நடந்தது என்பதைப் பார்ப்பவரே நிரப்பிக்கொள்ள வேண்டும். ஏழாண்டுகள் கழித்து வந்த, எலிசபெத் அரசியைப் பற்றிய ‘தி குவீன்’ படத்துக்காக ஸுக்கெட்டியின் பெயர் பிரிட்டனின் பாஃப்டா விருதுப் பரிந்துரைப் பட்டியலில் இருந்தது.

இந்த ஜோடிகளைப் பார்க்கும்போது எடிட்டரின் தொழிலில் கையில் இருக்கும் முதல் எது என்பது விளங்குகிறது. இயக்குநரின் நம்பிக்கை. படப்பிடிப்பில் அறுபது பேர் இயக்குநரைச் சுற்றி நிற்பார்கள். எடிட்டிங் அறையில் எல்லோரும் போய்விடுகிறார்கள். எடுத்ததில் பாதி எதிர்பார்த்தபடி வரவில்லை என்று இயக்குநருக்குத் தெரியவரும் இடம் அதுதான். படப்பிடிப்பு நாளில் எவ்வளவு மழை பெய்தது, அந்த ஷாட்டுக்கு எத்தனை மணி நேரம் ஆனது என்பது எடிட்டருக்குத் தேவையில்லை. திரையில் தெரிவதை மட்டும் பார்த்து, இது வேலை செய்கிறது, இது செய்யவில்லை என்று அவர் சொல்ல வேண்டும். அதைப் புண்படாமல் சொல்லவும், சொன்னதைக் கேட்கவும் இருவருக்கும் இடையே ஆண்டுகள் ஓடியிருக்க வேண்டும்.

அந்த அறைக்குள் நுழைவது எப்படி? ஒரு காலத்தில் சங்க அட்டை இல்லாமல் பிரிட்டிஷ் சினிமாவில் கால்வைக்க முடியாது. ஏசிடிடி என்ற திரைத் தொழிலாளர் சங்கத்தின் அட்டை இருந்தால்தான் வேலை. வேலை செய்திருந்தால்தான் அட்டை. இந்த வளையத்தை உடைத்து உள்ளே வர பலர் ஆண்டுக்கணக்கில் அலைந்தார்கள். உள்ளே வந்தவர்களுக்கு நியாயமான சம்பளமும் வேலை நேரமும் கிடைத்தன. 1991இல் அந்தச் சங்கம் வேறொன்றோடு இணைந்து பெக்டு ஆனது. பழைய கட்டுப்பாடு அதற்கு முன்பே தளர்ந்திருந்தது.

இன்னொரு வழி தொலைக்காட்சி. பிபிசியும் வட்டாரத் தொலைக்காட்சி நிறுவனங்களும் தங்களிடமே எடிட்டர்களை வேலைக்கு வைத்திருந்தன. மாதச் சம்பளத்தில் இருந்துகொண்டு செய்தி, ஆவணப்படம், நாடகம் என்று எல்லாவற்றையும் வெட்டிப் பழகலாம். சுயாதீன சினிமாவுக்கு எடிட்டர்களைத் தயாரித்துக் கொடுத்தது பெரும்பாலும் அந்தத் தொலைக்காட்சி அறைகள்தான். அவை சுருங்கி, வேலை வெளியே ஒப்பந்தத்துக்குப் போனபின், 1971இல் தொடங்கப்பட்ட பீக்கன்ஸ்ஃபீல்டு பள்ளி போன்ற இடங்களின் பங்கு கூடியது.

ஆனால் எந்த வழியில் வந்தாலும் உதவி எடிட்டராகத்தான் தொடங்க வேண்டும். இங்கேதான் டிஜிட்டல் காலம் ஒரு பெரிய இழப்பைச் செய்திருக்கிறது. சுருளில் வேலை நடந்தபோது துண்டை எடுத்துக் கொடுக்கவும் அடுக்கவும் உதவியாளர் எடிட்டரின் அருகிலேயே நின்றாக வேண்டும். இயக்குநரும் எடிட்டரும் ஒரு வெட்டுக்காக வாதாடுவதை அவர் காதால் கேட்டார். அதுவே அவருடைய படிப்பு. கணினி வந்தபின் உதவியாளருக்குத் தனி அறை. கோப்புகளைப் பதிவேற்றுவது, ஒலியைப் பொருத்துவது, ஏற்றுமதி செய்வது. பல நேரம் எடிட்டர் வீட்டுக்குப் போனபின் இரவில் வேலை. கணினியின் ஒவ்வொரு பொத்தானும் தெரியும், ஒரு காட்சி எப்படி உருவாகிறது என்பதைப் பார்க்கும் வாய்ப்பு குறைவு. மூத்த எடிட்டர்கள் பலர் இதைப் பற்றிக் கவலைப்படுகிறார்கள். சிலர் உதவியாளர்களுக்கு ஒரு காட்சியைக் கொடுத்துத் தொகுத்துப் பார்க்கச் சொல்லி, உட்காரவைத்துப் பேசுகிறார்கள்.

பணத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். லண்டன் திரைப்பட அமைப்பின் குறைந்த பட்ஜெட் திட்டத்தில் 2008இல் வந்த ‘ஷிஃப்டி’ ஒரு லட்சம் பவுண்டில், 18 நாள் படப்பிடிப்பில் முடிந்த படம். ரிஸ் அகமது நாயகன். இத்தகைய படங்களில் எடிட்டருக்குக் கிடைக்கும் தொகை லண்டனில் வீட்டு வாடகைக்கே காணாது. ஆகவே பெரும்பாலானவர்கள் விளம்பரப் படம், தொலைக்காட்சித் தொடர் என்று வேறு வேலைகளில் சம்பாதித்து, விரும்பிய படத்துக்காக நேரம் ஒதுக்குகிறார்கள். ஒப்பந்தம் முடிந்தால் அடுத்தது வரும்வரை வருமானம் இல்லை. குழந்தை வளர்ப்பவர்களுக்கு இந்த ஒழுங்கற்ற வாழ்க்கை இன்னும் கடினம்.

சிலர் சின்னப் படத்தைப் படிக்கட்டாக்கிப் பெரிய படத்துக்குப் போகிறார்கள். மிக் ஆட்ஸ்லி, பில் டக்ளஸ் என்ற ஸ்காட்லாந்து இயக்குநரின் ‘மை வே ஹோம்’ படத்தில் 1978இல் வேலை செய்தவர். பிறகு ஸ்டீபன் ஃபிரியர்ஸோடு சேர்ந்தார். 1985இல் சேனல் 4க்காக 16 மில்லிமீட்டரில் எடுத்த ‘மை பியூட்டிஃபுல் லாண்ட்ரெட்’ படத்தைத் தொகுத்தார். லண்டனில் ஒரு பாகிஸ்தானிய இளைஞனும் வெள்ளைக்கார நண்பனும் சேர்ந்து துணி வெளுக்கும் கடை நடத்தும் கதை அது. தொலைக்காட்சிக்கென எடுத்த படம் எடின்பரோ விழாவில் பெற்ற வரவேற்பால் திரையரங்குக்கு வந்தது. ஆட்ஸ்லி பின்னால் ஹாரி பாட்டர் படம் ஒன்றையும் தொகுத்தார். தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடர் ‘ஸ்பேஸ்டு’ வழியாக எட்கர் ரைட்டோடு ‘ஷான் ஆஃப் தி டெட்’ செய்த கிறிஸ் டிக்கன்ஸ், டேனி பாயிலின் ‘ஸ்லம்டாக் மில்லியனர்’ படத்துக்காக ஆஸ்கர் வாங்கினார். ஏ.ஆர். ரஹ்மான் இரண்டு ஆஸ்கர் வாங்கிய அதே மேடைதான், அதே இரவுதான்.

வேறு சிலர் எடிட்டர் என்ற தனி ஆளே இல்லாமல் படம் எடுக்கிறார்கள். கார்ன்வால் கடற்கரை மீனவர்களைப் பற்றி மார்க் ஜென்கின் எடுத்து 2019இல் வந்த ‘பெய்ட்’ அப்படிப்பட்டது. கையால் சாவி முடுக்கும் போலெக்ஸ் கேமராவில் கறுப்பு வெள்ளைச் சுருளில் எடுத்து, சுருளைத் தன் கையாலேயே கழுவி, தானே தொகுத்தார். சாவி தீர்ந்தால் ஷாட் முடிந்துவிடும். அதனால் நீண்ட ஷாட்டுக்கு இடமில்லை. கயிறு, பூட்டு, மீன், சுருண்ட நோட்டு, முறைக்கும் கண் என்று சின்னச் சின்ன நெருக்கக் காட்சிகளை இடித்து இடித்து வைத்தே உள்ளூர்க்காரனுக்கும் சுற்றுலா வந்தவர்களுக்கும் இடையிலான பகையை அவர் கட்டினார். ஒலி முழுவதும் பின்னால் சேர்த்தது. லோச் படங்களில் கண்ணுக்குத் தெரியாமல் ஒளிந்திருக்கும் வெட்டு இங்கே முகத்துக்கு நேரே வருகிறது. இரண்டுமே ஒரே நாட்டின் குறைந்த பண சினிமாவிலிருந்து வந்தவை.

‘தி ஓல்ட் ஓக்’ 2023இல் கானில் போட்டியிட்டபோது லோச்சுக்கு 86 வயது. இதுவே தன் கடைசிப் படமாக இருக்கலாம் என்று அவர் சொல்லியிருந்தார். இங்கிலாந்தின் வடகிழக்கே, சுரங்கம் மூடி ஏழ்மையில் விழுந்த ஊருக்குச் சிரிய அகதிகள் வருகிறார்கள். புகைப்படம் எடுக்கும் சிரியப் பெண் யாரா, ஊர் மக்களைத் தான் எடுத்த படங்களை மதுக்கடையின் பின்னறையில் திரையிடுகிறாள். அசையாத படங்கள், அவற்றைப் பார்க்கும் முகங்கள், பின்னால் இசை. தங்களையே திரையில் பார்த்துச் சிரிக்கும், கண்கலங்கும் மனிதர்களை மாரிஸ் எங்கும் அவசரப்படுத்தவில்லை. ஒவ்வொருவருக்கும் தன் படத்தைப் பார்த்து முடிக்கும் நேரம் கிடைக்கிறது.

அடுத்த தலைமுறைக்கு அப்படிப்பட்ட நேரம் கிடைக்குமா என்பது பெருமளவு பணத்தைப் பொறுத்தது. ஸ்ட்ரீமிங் நிறுவனங்களின் பெரிய தொடர்கள் அனுபவமுள்ள எடிட்டர்களையும் உதவியாளர்களையும் கூடுதல் சம்பளத்துக்கு இழுத்துக்கொள்கின்றன. தயாரிப்பாளர்கள் ஆண்டுக்கணக்கில் கேட்டு வந்த நிலையில், ஒன்றரைக் கோடி பவுண்டுக்கு உட்பட்ட பட்ஜெட்டில் எடுக்கும் படங்களுக்குக் கூடுதல் வரிச்சலுகையை பிரிட்டிஷ் அரசு 2024இல் அறிவித்தது. படப்பிடிப்பில் பட்ஜெட் மீறிப் போனால் முதலில் குறைபவை எடிட்டிங் வாரங்கள்தான் என்பது சிறிய படங்களில் வேலை செய்த எல்லோருக்கும் தெரியும். அந்தச் சலுகையில் மிச்சமாகும் தொகையில் ஒரு பகுதி எடிட்டிங் அறைக்குப் போனால், பத்து வார வேலை பன்னிரண்டு வாரமாகும். உதவி எடிட்டருக்கு இரவு வேலைக்குப் பதில் பகலில், இயக்குநரும் எடிட்டரும் பேசிக்கொள்ளும் அதே அறையில், ஒரு நாற்காலி போட முடியும்.